வட்டவளைப் பகுதியிற் கார்னேஷன்: நீரும் பராமரிப்பும்

மலைநாட்டிலே பூஞ்செடி வளர்ப்போரைச் சந்திக்கும்போதெல்லாம் அவர்கள் கேட்கும் முதற் கேள்வி, "ஐயா, கார்னேஷனுக்கு நாளொன்றுக்கு எத்தனை வாளி தண்ணீர் ஊற்றவேண்டும்?" என்பதாகும். நுவரெலியாவிலே இக்கேள்விக்கு ஓரளவு நேரான விடை கூறிவிடலாம். வட்டவளையில் அங்ஙனம் கூறுதல் இயலாது. இவ்வூரிலே இச்செடி தாகத்தால் மடிவது குறைவு. தண்ணீரால் மடிவதே மிகுதி. ஆகவே தண்ணீர் ஊற்றும் முறையைச் சொல்லுமுன், தண்ணீரைத் தடுக்கும் முறையைச் சொல்லவேண்டியவனாயிருக்கிறேன்.

நாவலப்பிட்டியிலிருந்து அட்டனை நோக்கி ஏறும் புகையிரதப் பாதையிலே, கடல்மட்டத்திற்கு மேல் ஏறக்குறைய 1000 மீற்றர் உயரத்தில் வட்டவளை அமைந்துள்ளது. தென்மேற்குப் பருவக்காற்றுச் சுமந்துவரும் மேகங்கள் நேரே வந்து மோதும் மலைச்சரிவு இது. மே மாதத்திற் பிடிக்கும் மழை செப்டெம்பர் மாதம் வரை விட்டு விட்டேனும் பெய்துகொண்டேயிருக்கும். இலங்கைத் தீவிலேயே மிகுந்த மழை பெறும் இடங்களுள் இதுவும் ஒன்று. ஆண்டொன்றிற்கு 5000 மி.மீ.க்கு மேற்பட்ட மழை இங்கே வீழ்கின்றது. நுவரெலியா பெறுவதோ ஏறக்குறைய 1900 மி.மீ. மாத்திரமே. நுவரெலியாவை மனத்திற்கொண்டு எழுதப்பட்ட குறிப்புகளை அப்படியே வட்டவளையிற் கைக்கொண்டால் என்ன நேரும் என்பதை இவ்விரு எண்களும் உணர்த்தும்.

அதனை நான் எண்களாற் கற்றுக்கொள்ளவில்லை, நட்டத்தாற் கற்றுக்கொண்டேன். விவசாயப் பாடசாலையிற் படிப்பை முடித்து, இப்பகுதியிற் கடமையேற்ற முதலாண்டிலே, முந்நூறு கார்னேஷன் கன்றுகளை வருவித்து மார்ச்சு மாதத்தில் வெட்டவெளிப் பாத்திகளில் நடுவித்தேன். பாத்தியின் உயரம், இடைவெளி, பசளை யாவும் நூலிற் கண்டவாறே அமைந்திருந்தன. மாலைதோறும் பூவாளியால் தலைவழியே நீர் தெளிக்கவும் செய்தேன். மே மாதம் வரை செடிகள் செழித்து நின்றன. மழை தொடங்கிய மூன்றாவது கிழமையில் அடித்தண்டுகள் கறுத்து மெதுவாயின. சூன் மாதம் முடியுமுன்னரே முந்நூறில் ஒன்றேனும் எஞ்சவில்லை. அவற்றை நட்ட குடும்பங்களுள் ஒன்று, சீட்டுப் பிடித்த பணத்தை அதிலே போட்டிருந்தது. அவர்கள் என்னைக் கடிந்து ஒரு சொல்லும் சொல்லவில்லை. அதனாலேயே அது இன்றும் மறக்கவில்லை.

அவ்வாண்டில் வேறொன்றும் நிகழ்ந்தது. நட்டு மிஞ்சிய பன்னிரண்டு கன்றுகளை, கொழுந்து பறிக்கும் தாயார் ஒருவர் கேட்டு வாங்கிச் சென்றிருந்தார். பால்மாத் தகரங்களின் அடியில் ஆணியால் துளையிட்டு, செங்கற்றுண்டும் கரியும் பரப்பி, மேலே மணலும் மண்ணும் மாட்டெருவும் கலந்து நிரப்பி, லயத்து இஸ்தோப்பின் ஓரத்தில் வரிசையாக வைத்திருந்தார். தேயிலை மண் புளிப்பானது என்று தம் மாமியார் சொல்லக் கேட்டதாகவும், அதனால் அடுப்புச் சாம்பலும் சிறிது சேர்த்ததாகவும் கூறினார். அப்பன்னிரண்டிற் பத்துச் செடிகள் மழைக்காலம் முழுவதும் உயிரோடிருந்து ஆகத்து மாதத்திற் பூத்தன. நான் நூலைப் படித்திருந்தேன். அவ்வம்மா மழையைப் படித்திருந்தார். இத்துண்டுப் பத்திரத்திற் கூறப்படுவனவற்றுட் பாதி, அந்த இஸ்தோப்பில் நின்று பார்த்தறிந்தனவேயாகும்.

செடியின் இயல்பு

கார்னேஷன், மத்தியதரைக் கடலை அடுத்த நாடுகளுக்குரிய செடி. ஆங்குக் கோடை வறண்டது; நிலம் கல்லும் சுண்ணாம்பும் கலந்தது; பெய்யும் நீர் நில்லாது வடிந்துவிடும். இலைகள் ஒடுங்கி, நீலம் பாய்ந்த சாம்பல் நிறத்தில் மெழுகு பூசினாற்போற் காணப்படுவது, உள்ள நீரைச் செலவிடாது காத்துக்கொள்வதற்காகவே. இலையைப் பார்த்த அளவிலேயே இது ஈரக்காலிற் பிறந்த செடியன்று என்பது புலப்படும். பூவின் மணம் கிராம்பின் மணத்தை ஒத்தது. கிராம்பைக் குறிக்கும் பழைய சொல்லே இதன் தாவரவியற் பெயரிலும் இடம் பெற்றுள்ளது.

ஆண்டு முழுவதும் பூக்கும் இனங்கள் பிரான்சு நாட்டின் லியோன் நகரத்தைச் சார்ந்த தோட்டக்காரரால் 19ஆம் நூற்றாண்டில் உருவாக்கப்பட்டன. பின்னர் அமெரிக்காவின் மெயின் மாநிலத்தில் வில்லியம் சிம் என்பவர் 1938ஆம் ஆண்டளவில் உண்டாக்கிய சிவப்பினமும், அதிலிருந்து மாறித் தோன்றிய வெள்ளை, இளஞ்சிவப்பு முதலியனவும் உலகெங்கும் பரவின. இன்று மிகுதியாக ஏற்றுமதி செய்யும் நாடுகளுள் ஒன்றாகிய கொலம்பியாவில், பொகோட்டா நகரைச் சூழ்ந்த 2600 மீற்றர் உயர மேட்டுநிலத்திலே இது பயிராகின்றது. அந்நிலமும் நம்மைப்போல நிலநடுக்கோட்டுக்கு அண்மையிலேயே உள்ளது. நீலகிரியிலே கோத்தகிரி, குன்னூர்ப் பக்கங்களிலும் பொலிதீன் கூடங்களில் இதனை வளர்க்கின்றார்கள். இவ்விடங்களில் எல்லாம் கூரை அமைப்பது குளிருக்காகவன்று, மழைக்காகவே என்பது கவனிக்கத்தக்கது.

இச்செடிக்கு உகந்த வெப்பநிலை இரவில் 10 முதல் 15 பாகை செல்சியசு, பகலில் 18 முதல் 24 பாகை செல்சியசு என்பர். வட்டவளையின் இரவு இதனிலும் சற்று வெதுவெதுப்பானது. ஆதலால் நுவரெலியாப் பூவின் பருமனும் காம்பின் தடிப்பும் இங்கே முழுமையாகக் கிட்டுமென்று எவருக்கும் நான் வாக்களிப்பதில்லை. தலவாக்கலைக்கு மேல் வாழ்வோர் இவ்வகையில் நற்பேறு பெற்றவர். எனினும் நல்ல கூரையும் வடிந்த பாத்தியும் உடையவர், கோயில் விழாவுக்கும் திருமண மேசைக்கும் அட்டன் நகரில் விற்கத்தக்க பூவை வட்டவளையிலும் எடுக்கலாம்.

பாத்தியும் மண்ணும்

தேயிலை மண்ணை அப்படியே பாத்தியாக்குதல் பெரும் பிழை. தேயிலை, அமிலத்தன்மை மிகுந்த மண்ணை விரும்புவது, அதன் பீ.எச். பெறுமானம் பெரும்பாலும் 4.5க்கும் 5.5க்கும் இடைப்பட்டது. கார்னேஷன் 6க்கும் 7க்கும் இடைப்பட்ட மண்ணையே விரும்பும். அப்பெறுமானம் 4.5க்கும் 6.5க்கும் இடையே இரண்டு எண்ணாலேயே வேறுபடுகின்றது என்று எண்ணிவிடலாகாது. ஒவ்வோர் எண்ணும் அமிலத்தன்மையிற் பத்து மடங்கு வேறுபாட்டைக் குறிப்பது. அண்மையிலுள்ள விவசாய அலுவலகத்தின் வாயிலாக மண்ணைச் சோதிப்பித்து, அதற்கேற்ற அளவு டொலமைட் தூளை நடுவதற்கு ஒரு மாதத்திற்கு முன்னரே கலந்துவிட வேண்டும். டொலமைட் இட்ட அன்றே யூரியா இடுவோர் உளர். அங்ஙனம் செய்தால் பசளையின் ஒரு பகுதி ஆவியாகி வீணாகும்.

மேல்மண் இரு பங்கு, நன்கு மக்கிய கூட்டெரு அல்லது மாட்டெரு ஒரு பங்கு, பருமணல் ஒரு பங்கு என்னும் அளவிற் கலந்துகொள்ளலாம். உமிக்கரி கிடைப்பின் அதனையும் சேர்க்க. மக்காத எருவை இடுதல் அழுகலுக்கு அழைப்பு அனுப்புவதற்குச் சமம்.

பாத்தி 3 அடி அகலமும், 10 அடி நீளமும், தரைக்கு மேல் ஒன்றரை அடி உயரமும் உடையதாயிருத்தல் நன்று. நூல்கள் ஓரடி உயரம் போதுமெனக் கூறும். வட்டவளைக்கு ஒன்றரை அடி வேண்டும். சரிவுக்குக் குறுக்கே பாத்தியை அமைத்து, மேற்புறத்தில் ஒரு கான் வெட்டி, மேலேயிருந்து வரும் நீரைப் பக்கவாட்டில் திருப்பிவிடுக. தேயிலை மலையில் கான் வெட்டத் தெரிந்தவருக்கு இதனை விளக்கிச் சொல்லவேண்டியதில்லை. கான் தூர்ந்துபோகாமற் பார்த்துக்கொள்வதுதான் மறந்துபோகும்.

சனவரி முதல் மார்ச்சு வரையுள்ள வெயில் நாட்களைப் பாத்தி மண்ணைச் சுத்தம் செய்யப் பயன்படுத்தலாம். மண்ணை நனைத்து, நிறமற்ற பொலிதீனை இறுக விரித்து, விளிம்புகளை மண்ணால் மூடி, நான்கு முதல் ஆறு கிழமை விட்டுவைத்தால், வெயிலின் சூட்டிலே மேல்மண்ணிலுள்ள நோய்ப் பங்கசுகளும் களைவித்துகளும் பெரும்பாலும் அழியும். சிறிய அளவிலே தகரங்களில் வளர்ப்போர், கொதிநீரை மணலின்மேல் ஊற்றி ஆறவிட்டுப் பயன்படுத்தினாற் போதும்.

கூரை

மே மாதத்திற்கு முன்னர்க் கூரையிட இயலாதவர், வெட்டவெளியில் கார்னேஷனை நடவேண்டாம் என்பதே என் துணிபு. இஸ்தோப்பின் ஓரத்திற் பத்துத் தகரம் வைத்துக்கொள்வது அதனினும் இலாபமானது.

கூரைக்கு மூங்கிலோ யூக்கலிப்டசுக் கம்போ போதும். நடுவில் பத்தடி உயரமும் ஓரங்களில் ஏழடி உயரமும் இருக்கட்டும். மேலே புறவூதாக் கதிரைத் தாங்கும் பொலிதீனை விரிக்க. கடைகளில் மலிவாகக் கிடைக்கும் சாதாரணப் பொலிதீன் ஒரு வெயிற்காலத்திலேயே நொறுங்கிவிடும். ஆனால் நான்கு பக்கத்தையும் மூடிப் பெட்டிபோலாக்கிவிட வேண்டாம். பணத்தைச் செலவிட்டு நாற்புறமும் அடைத்த கூடங்கள் சிலவற்றைக் கண்டிருக்கிறேன். காலையில் உள்ளே சென்றால் பொலிதீனின் உட்புறத்திலிருந்து நீர்த்துளிகள் செடியின்மேற் சொட்டிக்கொண்டிருக்கும். வெளியே பெய்யும் மழையைத் தடுத்துவிட்டு உள்ளே தனியாக ஒரு மழையை உண்டாக்குவதால் யாது பயன்? பக்கங்கள் திறந்திருக்கட்டும். காற்று வீசும் தென்மேற்குப் புறத்தில் மட்டும், சாரல் அடிக்காவண்ணம், தரையிலிருந்து மூன்றடி உயரத்திற்கு ஒரு தட்டி கட்டுக. சூன் மாதக் காற்றுக்குக் கூரை பறந்துபோகாமலிருக்க, ஒவ்வொரு காலையும் இரண்டடி ஆழத்திற் புதைத்து, கயிற்றால் முளைகளோடு பிணைத்தல் அவசியம்.

லயத்து வாசலிலுள்ள துண்டு நிலம் தோட்ட நிருவாகத்திற்குரியதாயின், கம்பு நாட்டுமுன் அனுமதி பெற்றுக்கொள்க. எழுத்தில் பெற்றால் இன்னும் நன்று. முதலாண்டில் ஒரு பாத்திக்கு மேல் எவரும் தொடங்க வேண்டாம். எட்டங்குல இடைவெளியில் நட்டால் மேற்கூறிய பாத்தியில் ஏறக்குறைய 60 செடிகள் அடங்கும். அறுபது செடியை இழந்தால் குடும்பம் தாங்கும். அறுநூறை இழந்தால் தாங்காது.

நீர் பாய்ச்சுதல்

இனி முதற் கேள்விக்கு வருவோம்.

கன்றை நடும்போது ஆழ நடலாகாது. வேர்ப்பந்தின் மேற்பகுதி பாத்தியின் மட்டத்திற்குச் சற்று மேலே தெரியும்படி நடவேண்டும். கன்று சாய்ந்துவிடுமே என்று அஞ்சித் தண்டைச் சுற்றி மண் அணைப்பவர், தண்டழுகலைத் தம் கையாலேயே நடுகின்றவராவர். நட்ட முதல் இரண்டு மூன்று கிழமைகளில், காலை வேளையில் மென்மையாக மேலே தெளித்துக் கன்று வாடாது காக்க. வேர் பிடித்தபின் அவ்வழக்கத்தை நிறுத்திவிட வேண்டும். அதன்பின் நீர் செல்லவேண்டிய இடம் வேரே, இலையன்று.

நீர் வேண்டுமா, வேண்டாவா என்பதை மேல்மண்ணின் நிறத்தைக் கொண்டு முடிவு செய்யற்க. மூடுபனி நாட்களில் மேல்மண் நனைந்தாற்போலிருந்தும், நாலங்குல ஆழத்தில் வறண்டிருத்தல் கூடும். வெயில் நாட்களில் மேலே காய்ந்திருந்தும் உள்ளே ஈரமிருக்கலாம். ஆகவே நாலங்குல ஆழத்திலிருந்து ஒரு பிடி மண்ணை எடுத்து உள்ளங்கையில் வைத்து இறுக்குக. விரலிடையில் நீர் கசிந்தால், சில நாட்களுக்கு நீர் கொடுக்கவேண்டியதில்லை. உருண்டையாகப் பிடிபட்டு, விரலால் தட்டியவுடன் உதிர்ந்தால், ஈரம் அளவாயுள்ளது. நாளை மீண்டும் பார்க்கலாம். பிடியே படாமல் உதிர்ந்தால் அன்று காலையே நீர் கொடுக்கவேண்டும். இச்சோதனைக்குக் கருவி எதுவும் வேண்டாம். ஒரு கிழமை செய்துவந்தால் கை தானாகவே கற்றுக்கொள்ளும்.

வளர்ந்த செடிகள் நிற்கும் பத்தடிப் பாத்தி ஒன்றிற்கு, சனவரி முதல் மார்ச்சு வரையுள்ள வெயில் நாட்களில், பத்து லீற்றர் கொள்ளும் பூவாளி ஒன்று நாளொன்றிற்குப் பெரும்பாலும் போதுமானது. பூவாளியின் துளைமுகத்தைக் கழற்றிவிட்டு, வரிசைகளுக்கிடையே மெதுவாக ஊற்றுக. நாள்தோறும் அரை வாளி தெளித்து மேல்மண்ணை மட்டும் நனைப்பதிலும், ஒருநாள் விட்டு ஒருநாள் இரண்டு வாளி ஊற்றி வேரின் ஆழம்வரை நனைப்பதே சிறந்தது. மேல்மண் மட்டும் நனையுமாயின் வேரும் மேலேயே படரும்; பின்னர் இரண்டு நாள் வெயிலையும் அதனாற் பொறுக்க இயலாது.

காலை ஒன்பது மணிக்குள் நீர் கொடுத்தல் நன்று. பறிப்புக்குச் செல்லும் வீடுகளில் அந்நேரத்திற்கு ஆளிருப்பதில்லை என்பதை நான் அறியாதவனல்லன். பெரட்டுக்குப் போகுமுன் விடியலிலேயே ஊற்றிவிட்டுச் செல்லலாம், அதனாற் கேடில்லை. மாலையில் வீடு திரும்பியபின் ஊற்றுவதே கேடு. இரவு முழுவதும் அடித்தண்டு ஈரத்தில் நிற்கும். நான் இழந்த முந்நூறு செடிகளுக்கு மழை பெய்வதற்கு முன்னரே நோயை வரவழைத்தது என் மாலை நேரப் பூவாளிதான் என்று இப்போது எண்ணுகிறேன்.

இவ்விடத்தில், முன்னர்க் கூறியதற்கு மாறானது போலத் தோன்றும் ஒன்றையும் சொல்லவேண்டும். கூரையின் கீழுள்ள பாத்திக்கு மழை கிடையாது. வெளியே கான் நிரம்பி வழிந்துகொண்டிருக்கும் ஆடி மாதத்திலே, கூரைக்குள் செடி நீரின்றி வாடிநிற்பதை இரண்டு தடவை கண்டிருக்கிறேன். "இத்தனை மழையில் தண்ணீர் ஊற்றுவதா?" என்று அவ்வீட்டார் நகைத்தனர். மழை பெய்தது தகரத்திலும் தேயிலையிலும், பாத்தியிலன்று. மழைக்காலத்தில் செடி குடிக்கும் நீர் குறைவுதான். நாலைந்து நாட்களுக்கு ஒருமுறை போதுமாயிருக்கும். ஆயினும் கைப்பிடிச் சோதனையை நிறுத்தலாகாது.

பீலித் தண்ணீர் பெரும்பாலும் நல்லது. தேயிலை மலையினூடே ஓடிவரும் கான் தண்ணீரை எடுக்க வேண்டாம். அது மண்ணையும், மண்ணோடு நோய்ப் பங்கசையும், சில வேளைகளில் களைநாசினியையும் கொண்டுவரும். பீலியிலிருந்து எடுத்த நீரைப் பீப்பாயில் நிரப்பிவைத்து, வண்டல் படிந்தபின் மேல்நீரை மொண்டு ஊற்றுக. நுளம்பு பெருகாவண்ணம் பீப்பாயை மூடிவைத்தல் வேண்டும்.

நனைந்த இலையும் நோயும்

இலை நனைந்திருத்தல் ஏன் தீது என்பதைத் தேயிலைத் தொழிலாளருக்கு விளக்குதல் எளிது. 1946ஆம் ஆண்டில் இலங்கைத் தேயிலையிற் காணப்பட்ட கொப்புள நோயை அவர்கள் அறிவார்கள். மூடுபனியும் தூறலும் தொடரும் நாட்களில் அது பரவுகின்றது. வெயில் எறித்து இலை காய்ந்தால் அடங்கிவிடுகின்றது. 1869ஆம் ஆண்டிற் கோப்பித் தோட்டங்களிற் கண்டறியப்பட்டு, பின்னர் அப்பயிரையே அழித்த இலைத்துரு நோயும் ஈர இலையிலேயே வித்தி முளைத்துப் பரவியது. கார்னேஷனையும் வேறொரு துருப் பங்கசு தாக்கும். இலையின் மேற்றோல் வெடித்து, மஞ்சட் பொடிபோன்ற கபில நிறத் தூள் விரலில் ஒட்டும். அவ்விலைகளைக் கிள்ளி எரித்து, இலை நனைவதை நிறுத்தினால் பெரும்பாலும் கட்டுப்படும்.

பூவிதழில் நரைநிறப் பூசணம் படர்வது மழைக்காலத்தில் மிகுதி. வாடிய பூவைச் செடியில் விட்டுவைப்பதே அதற்கு முதற் காரணம்.

இவற்றினும் கொடியது வாடல் நோய். செடியின் ஒரு பக்கக் கிளை மட்டும் வெளிறி மஞ்சளாகும். தண்டை நெடுக்காகப் பிளந்தால் உள்ளே கபிலக் கோடு தெரியும். இதற்கு மருந்து தேடிப் பணத்தைச் செலவிட வேண்டாம். செடியைச் சுற்றியுள்ள மண்ணோடு பெயர்த்து, சாக்கிலிட்டு, அப்பாற் கொண்டுசென்று எரித்துவிடுக. கூட்டெருக் குழியில் ஒருபோதும் போடலாகாது. அப்பங்கசு மண்ணிற் பல ஆண்டு வாழும். ஆகவே அந்த இடத்தில் மீண்டும் கார்னேஷனை நடாது, மரக்கறியோ வேறு பூவோ நடுக. நோயுற்ற செடியிலிருந்து எடுத்த துண்டங்களோடும் இது வரும். இரவலாகக் கன்று கொடுப்பதும் பெறுவதும் மலைநாட்டிலே நல்ல வழக்கம். ஆனால் இச்செடியின் விடயத்தில் மட்டும், தாய்ச்செடியைக் கண்ணாற் பார்த்தபின் பெற்றுக்கொள்க.

வெயில் மாதங்களில், கூரையின் கீழ், இலையின் அடியிற் செஞ்சிற்றுண்ணி காணும். இலை வெளிறி மணல் தூவியதுபோலாகும். நல்ல வெயிற் காலையில் இலையின் அடிப்புறத்தை நீரால் விசையோடு கழுவுவது பயன் தரும். நண்பகலுக்குள் காய்ந்துவிடுமாதலால் இங்கு மட்டும் இலையை நனைக்கலாம். அழுக்கணவனுக்கும் இதுவே முதல் வைத்தியம். மொட்டினுள் நுழையும் பனிப்பூச்சி சற்றுக் கடினமானது. பீடைநாசினி தெளிக்க வேண்டிய நிலை வந்தால், உமது பகுதி விவசாயப் போதனாசிரியரிடம் செடியைக் காட்டி, அவர் கூறும் மருந்தை, பொதியிலுள்ள அறிவுறுத்தலின்படி பயன்படுத்துக. தேயிலைக்கு அடித்து மீந்த மருந்தைக் கொண்டுவந்து பூவுக்கு அடித்தல் தகாது.

கிள்ளுதலும் தாங்கு கட்டலும்

இப்பகுதியைச் சுருக்கமாகவே கூறலாம். ஏனெனில் கொழுந்து பறித்துப் பழகிய விரலுக்கு இது விளையாட்டு. கன்றிலே ஆறு ஏழு சோடி இலை தோன்றியதும், கீழே ஐந்து சோடியை விட்டு, நுனியைப் பக்கவாட்டில் ஒடித்து எடுத்துவிடுக. மேல்நோக்கி இழுத்தால் வேர் அசையும். சில கிழமைகளில் நாலைந்து கிளைகள் எழும். கிள்ளியதிலிருந்து பூக்க ஏறக்குறைய நாலைந்து மாதம் செல்லும். தனிப்பூ இனங்களில் நடுமொட்டை விட்டுப் பக்க மொட்டுகளை நீக்கவேண்டும். கொத்துப்பூ இனங்களில் நடுமொட்டை நீக்கிப் பக்க மொட்டுகளை விடவேண்டும். இவ்விரண்டையும் மாற்றிச் செய்துவிட்டு, "பூ சிறுத்துவிட்டதே" என்று வருந்துவோர் ஆண்டுதோறும் ஒருவராவது இருக்கின்றனர்.

தண்டு மெலிந்ததாகலின் தாங்கு வேண்டும். பாத்தியின் இரு பக்கமும் கம்பு நாட்டி, நூலாற் சதுரம் சதுரமாக வலை பின்னி, செடி வளர வளர ஆறங்குலத்திற்கு ஒன்றாக உயர்த்திக் கட்டுக.

பசளையும் புல்லிவெடிப்பும்

தேயிலைக்கு இடும் உரக்கலவையைப் பூப்பாத்திக்கும் தூவுதல் பரவலான பழக்கம். அது நைதரசன் மிகுந்தது. மண்ணின் புளிப்பையும் கூட்டக்கூடியது. இலை தழைக்கும், தண்டு நொய்யும், நோய் எளிதிற் பற்றும். மொட்டு வைக்கும் காலத்தில் பொற்றாசியமே மிகுதியாக வேண்டும். சிறிது சிறிதாக, இரு கிழமைக்கு ஒருமுறை இடுதல் நன்று. விறகடுப்புச் சாம்பலைப் பாத்திக்கு ஒரு கைப்பிடி அளவு எப்போதேனும் தூவலாம்; அதற்கு மேல் வேண்டாம்.

பூ விரியுமுன் அதன் பச்சைக் குழலாகிய புல்லிவட்டம் ஒருபுறமாகப் பிளந்து, இதழ்கள் சரிந்து தொங்குவதைப் பலர் கண்டிருப்பர். அப்பூவுக்குச் சந்தையில் விலையில்லை. சில இனங்களுக்கு இது பிறவிக்குணம். பகல் வெயிலுக்கும் இரவுக் குளிருக்குமிடையே வேறுபாடு மிகும் சனவரி, பெப்ருவரி மாதங்களில் கூடுதலாக நிகழும். நைதரசன் மிகையும், மழையாற் கரைந்துபோன போரன் சத்தின் குறைவும் காரணமாகலாம். ஆனால் நான் பெரும்பாலும் கண்ட காரணம், பத்து நாள் காயவிட்டுப் பின்னர் ஒரேநாளில் நான்கு வாளி ஊற்றுவதேயாகும். நிறம் தெரியத் தொடங்கிய மொட்டின் குழலைச் சுற்றி மெல்லிய இறப்பர் வளையம் ஒன்றை இட்டுவைத்தால், பிளவைப் பெரும்பாலும் தடுக்கலாம். நூலாற் கட்டுவோரும் உளர்.

பூவெடுத்தலும் அனுப்புதலும்

எக்காலத்தில் நடுவது என்பது எக்காலத்தில் விற்பது என்பதைப் பொறுத்தது. அமெரிக்காவில் அன்னா சார்விசு என்னும் மாது, 1908ஆம் ஆண்டு மே மாதத்தில் தம் அன்னையின் நினைவாக வெள்ளைக் கார்னேஷன் பூக்களை வழங்கச் செய்ததிலிருந்து, அன்னையர் தினத்தோடு இப்பூ தொடர்புபட்டு நிற்கின்றது. அத்தினம் மே மாதத்தின் இரண்டாம் ஞாயிறு. நம்மூரில் மழை பிடிக்கும் தறுவாய். அதற்கு முன் பூவெடுக்க விரும்புவோர், கூரையின்கீழ் நவம்பர் மாதத்தில் நட்டுவிட வேண்டும். திருவிழாக்களுக்கும் ஏனைய தேவைகளுக்கும் அவரவர் கணக்கிட்டுக்கொள்ளலாம்.

தனிப்பூவின் வெளியிதழ்கள் காம்புக்குக் குறுக்காகப் படியத் தொடங்கும் வேளையிலும், கொத்துப்பூவில் இரண்டு மலர்கள் விரிந்த வேளையிலும் வெட்டுக. கூரிய கத்தியால், காலை வேளையில், கணுவுக்கு மேல் வெட்டி, உடனே சுத்தமான நீருள்ள வாளியிற் காம்பை நிறுத்தி, நிழலில் மூன்று நான்கு மணி நேரம் வைத்தபின் கட்டவேண்டும். பூவை நனைக்க வேண்டாம்.

இறுதியாக ஒன்று. பழுக்கும் பழங்களிலிருந்து எதிலீன் என்னும் வாயு வெளிப்படுகின்றது. கார்னேஷன் அவ்வாயுவை ஒரு சிறிதும் பொறுக்காது. இதழ்கள் உட்சுருண்டு, உறங்கியதுபோல் மூடிக்கொள்ளும். பின்னர் நீரிலிட்டாலும் விரியா. அடுப்புப் புகையிலும் இவ்வாயு உண்டு. ஆகவே வெட்டிய பூவைக் குசினியிலும் வாழைக்குலை தொங்கும் அறையிலும் வைக்கலாகாது. வட்டவளை நிலையத்திலிருந்து புகையிரதத்திற் கொண்டுசெல்வோர், ஏறியவுடன் முதலில் பார்க்கவேண்டியது அப்பெட்டியில் எவரேனும் பழக்கூடை வைத்திருக்கின்றனரா என்பதையே. இருப்பின், பூக்கட்டைத் தூக்கிக்கொண்டு அடுத்த பெட்டிக்குச் சென்றுவிடுக.